மண்ணைப் பேச வைத்த மோர்ட்டிமர் வீலர்

அரிக்கமேடு என்ற பெயரைக் கேள்விப்படாத தமிழ் மாணவர் நம்மிடையே குறைவு. சங்க காலத் தமிழரின் கடல் வாணிகம் பற்றி எந்த நூலைப் புரட்டினாலும், எந்தப் பேச்சுப் போட்டியில் போய் அமர்ந்தாலும், ரோமானிய மதுச்சாடியும் அரிக்கமேடும் தவறாமல் வந்துவிடும். ஆனால், அந்த மேட்டைத் தோண்டி அதன் காலத்தைக் கணித்து உலகுக்குச் சொன்னவர் யார் என்று கேட்டால் பலர் தலையைச் சொறிவார்கள். அவரே பின்னாளில் தொலைக்காட்சியில் தோன்றி, தொல்லியலைப் பாமர மக்களின் வரவேற்பறைக்குக் கொண்டு சென்றவர் என்பது இன்னும் குறைவானவர்களுக்கே தெரியும். அவர்தான் சர் மோர்ட்டிமர் வீலர்.

நான் நம் கழகத்தின் முன்னாள் உறுப்பினன். இப்போது ஜோகூர் பெர்மாஸ் ஜெயாவில் குடியிருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் குடியிருப்பைச் சேர்ந்த தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகள் சிலரை உட்கார வைத்து, வரலாற்று ஆவணப்படங்களைப் போட்டுக் காட்டி, கேள்வி கேட்டு, கதை பேசுவது என் வழக்கம். படம் ஓடும்போது அந்தப் பிள்ளைகள் என்னிடம் அதிகம் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. இது நிஜமாக நடந்ததா, படத்துக்காகச் சொல்கிறார்களா என்பதே அது. பார்ப்பதற்குச் சின்னக் கேள்விதான். ஆனால் வீலரின் வாழ்க்கை முழுவதும் அந்தக் கேள்வியைச் சுற்றியே சுழன்றது என்று சொன்னால் அது மிகையாகாது. ஆகவேதான் இவ்வாண்டு இதழுக்கு அவரைப் பற்றி எழுத முன்வந்தேன்.

இளமையும் போர்க்களமும்

ராபர்ட் எரிக் மோர்ட்டிமர் வீலர் 1890-ஆம் ஆண்டு செப்டம்பர் 10-ஆம் நாள் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் பிறந்தார். தந்தை ஒரு பத்திரிகையாளர். செய்தி என்றால் என்ன, அதை மக்கள் விரும்பிப் படிக்கும்படி எப்படிச் சொல்வது என்பதெல்லாம் அவருக்கு வீட்டிலேயே வாய்த்த பாடங்கள் என்று கருதலாம். குடும்பம் பின்னர் இங்கிலாந்தின் யார்க்‌ஷயர் பகுதிக்கும், 1905-இல் லண்டனுக்கும் குடிபெயர்ந்தது. லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் கிரேக்க, லத்தீன் இலக்கியங்களைப் படித்தார். ஓவியத்திலும் நாட்டம் இருந்ததால் ஸ்லேட் ஓவியப் பள்ளியிலும் பயின்றார். நல்ல ஓவியனாக வர முடியாது என்று தெரிந்ததும் தூரிகையைக் கீழே வைத்துவிட்டார். ஆனால் அந்தப் பயிற்சி வீண்போகவில்லை. குழியின் பக்கச் சுவரில் தெரியும் மண்ணடுக்குகளை வரைவதற்கு அந்தக் கையே பின்னாளில் உதவியது.

1914-இல் தெஸ்ஸா வெர்னி என்ற பெண்மணியை மணந்தார். அதே ஆண்டு முதல் உலகப் போர் மூண்டது. வீலர் பீரங்கிப் படையில் சேர்ந்து, 1917-இல் பாஷண்டேல் போர்க்களத்தின் சேற்றில் நின்று போரிட்டார். வீரத்துக்காகப் பதக்கமும் பெற்றார். அந்தப் போர் அவர் தலைமுறை இளைஞர்களை வாரிக்கொண்டு போய்விட்டது. அவருடன் தொல்லியல் பயின்ற இளைஞர்களில் உயிரோடு திரும்பியவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே. அடுத்த தலைமுறைக்கு இந்தத் துறையைப் பயிற்றுவிக்க ஆளில்லாமல் போய்விடக் கூடாது என்ற பதற்றம் வாழ்நாள் முழுவதும் அவரை விரட்டியது. அவர் செல்லும் இடமெல்லாம் மாணவர்களைக் கூட்டிக்கொண்டு போய் அகழாய்வுக் குழியையே வகுப்பறை ஆக்கியதற்கு இதுவே காரணம்.

செய்தித்தாளின் பணத்தில் ஓர் அகழாய்வு

போர் முடிந்ததும் வீலர் வேல்ஸ் தேசிய அருங்காட்சியகத்தில் 1920-இல் பணிக்குச் சேர்ந்து, 1924-இல் அதன் இயக்குநரானார். அங்கே கார்லியன் என்ற ஊரில் ரோமானியரின் பழைய அரங்கம் ஒன்று புல் மூடிக் கிடந்தது. அவ்வூர் மக்கள் அதை ஆர்தர் மன்னனின் வட்டமேசை என்று நம்பிவந்தார்கள். தோண்டுவதற்குப் பணமில்லை. வீலர் என்ன செய்தார் தெரியுமா? ஆர்தர் மன்னன் கதையையே முதலீடாக்கினார்! டெய்லி மெயில் நாளிதழ் செலவை ஏற்றது. அதற்குக் கைம்மாறாக அகழாய்வுச் செய்திகள் அந்த நாளிதழுக்குக் கிடைத்தன. 1926-இல் தொடங்கிய அந்தப் பணியைப் பெரிதும் முன்னின்று நடத்தியவர் தெஸ்ஸா அம்மையார். ஆர்தர் மன்னன் கிடைக்கவில்லை. ஆனால் ரோமானியர் கட்டிய முழு அரங்கமும் வெளிவந்தது. இன்றும் அது காட்சிக்குத் திறந்திருக்கிறது.

அறிஞர்கள் சிலர் முகம் சுளித்தார்கள். கல்விப் பணியைச் சந்தைக்குக் கொண்டுவரலாமா என்று கேட்டார்கள். வீலரின் பார்வை வேறு. அகழாய்வுக்கு ஆகும் செலவு இறுதியில் பொதுமக்களின் செலவு. ஆகவே கண்டுபிடித்ததை அவர்களுக்குப் புரியும் மொழியில் சொல்லிவிடுவது ஆய்வாளன் தீர்க்க வேண்டிய கடன். இந்தக் கொள்கையிலிருந்து அவர் கடைசிவரை விலகவில்லை.

1926-இல் லண்டன் அருங்காட்சியகத்தின் பொறுப்பை ஏற்றார். 1934 முதல் 1937 வரை டார்செட் மாநிலத்தில் உள்ள மெய்டன் கோட்டை என்ற மாபெரும் இரும்புக்கால மலைக்கோட்டையை அகழ்ந்தார். நான்கு பருவங்கள் நடந்த அந்த அகழாய்வு ஒரு திருவிழா போலவே இருந்தது. பார்வையாளர்கள் ஆயிரக்கணக்கில் வந்தார்கள். அவர்களுக்கு விளக்கம் சொல்ல வழிகாட்டிகள் நின்றார்கள். அஞ்சலட்டைகள் விற்கப்பட்டன. ஆய்வுக்குத் தேவைப்படாத கவண்கற்களைக் கூட நினைவுப் பொருளாக விற்று அகழாய்வுக்குப் பணம் சேர்த்தார்கள். பத்திரிகையாளர்கள் அடிக்கடி வந்து போனார்கள்.

அந்த நாள்களில்தான் பெருந்துயரம் ஒன்றும் நேர்ந்தது. 1936-இல் வீலர் மத்தியக் கிழக்கு நாடுகளில் பயணம் செய்துகொண்டிருந்தபோது, தெஸ்ஸா லண்டனில் அறுவைச் சிகிச்சைக்குப் பின் திடீரெனக் காலமானார். ஊர் திரும்பும் வழியில் பாரிஸில் வாங்கிய செய்தித்தாளைப் பிரித்தபோதே வீலருக்கு அது தெரியவந்தது. செய்தித்தாளைத் தன் பணிக்கு அத்தனை திறமையாகப் பயன்படுத்திய மனிதருக்கு, வாழ்க்கையின் மிகக் கொடிய செய்தியும் அதன் வழியாகவே வந்தது. இருவரும் சேர்ந்து கனவு கண்ட லண்டன் தொல்லியல் கழகம் 1937-இல் முறைப்படி திறக்கப்பட்டபோது தெஸ்ஸா இல்லை.

அவர் குணக்கேடற்ற புனிதர் அல்லர் என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். கோபக்காரர், கீழே பணிபுரிந்தவர்களை வார்த்தையால் சுட்டவர், இல்வாழ்வில் மனைவிக்கு உண்மையாக இருந்தவரும் அல்லர். மாணவர்கள் அவரைக் கண்டு அஞ்சினார்கள். ஆயினும் அவரிடம் கற்றவர்கள், அப்படிக் கற்றுக்கொடுக்க வேறு ஒருவர் இல்லை என்றே பின்னாளில் எழுதினார்கள்.

சென்னை அலமாரியில் ஒரு சாடிக் கழுத்து

இரண்டாம் உலகப் போரில் ஐம்பது வயதை நெருங்கிய நிலையிலும் வீலர் மீண்டும் சீருடை அணிந்தார். வட ஆப்பிரிக்காவில் எல் அலமெய்ன் போரில் பங்கேற்றார். 1943-இல் இத்தாலியின் சலேர்னோ கடற்கரையில் தரையிறங்கும் முயற்சிக்குத் தயாராகிக்கொண்டிருந்த வேளையில், இந்தியத் தொல்லியல் துறையின் தலைமை இயக்குநர் பதவிக்கு அழைப்பு வந்தது. 1944-இல் இந்தியா வந்து சேர்ந்தார்.

தளர்ந்து கிடந்த துறையை அவர் தட்டி எழுப்பிய வேகம் இன்றும் வியக்கத்தக்கது. அதே ஆண்டு தட்சசீலத்தில் பயிற்சிப் பள்ளி ஒன்றைத் தொடங்கி, இந்தியாவின் பல பகுதிகளிலிருந்தும் சுமார் 60 மாணவர்களை வரவழைத்து, பல மாதங்கள் மண்ணில் இறக்கிப் பயிற்சி கொடுத்தார். சுதந்திர இந்தியாவில் தொல்லியலை வழிநடத்திய பி.பி. லால், பி.கே. தாப்பர் போன்றோர் அந்தப் பள்ளியின் மாணவர்கள். ஆய்வு முடிவுகள் கோப்புகளில் தூங்கக் கூடாது என்பதற்காக ‘பண்டைய இந்தியா’ என்னும் பொருள்படும் பெயரில் ஆங்கில ஆய்விதழையும் 1946-இல் தொடங்கினார்.

நமக்கு வேண்டிய கதை இங்கேதான் ஆரம்பமாகிறது. 1944-இல் சென்னை அரசு அருங்காட்சியகத்தைப் பார்வையிட்டபோது, ஓர் அலமாரிக்குள் சுடுமண் சாடி ஒன்றின் கழுத்தும் நீண்ட கைப்பிடியும் அவர் கண்ணில் பட்டன. ஐரோப்பாவில் பல்லாண்டு மண்ணைக் கிளறியவருக்கு அதை அடையாளம் காண ஒரு கணம் போதுமானதாக இருந்தது. அது மத்தியதரைக் கடல் நாடுகளில் மது நிரப்பி அனுப்பப் பயன்பட்ட சாடி. எங்கிருந்து வந்தது என்று விசாரித்தார். புதுச்சேரிக்குப் பக்கத்திலிருந்து என்று பதில் வந்தது. உடனே அப்போது பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரிக்குப் புறப்பட்டுவிட்டார்.

புதுச்சேரியில் ஏற்கனவே சிலர் வேலை செய்திருந்தார்கள் என்பதை நாம் மறக்கக் கூடாது. பிரெஞ்சு அறிஞர் ழூவோ துப்ரேய் 1930-களிலேயே அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் இருந்த அரிக்கமேட்டின் சிறப்பை உணர்ந்து எழுதியிருந்தார். மழையில் மண் கரையும்போது வெளிப்படும் வண்ண மணிகளை அவ்வூர்ப் பிள்ளைகள் பொறுக்கி விளையாடுவார்கள். அவற்றை வாங்கிச் சேர்த்தவர் அவர். 1940-களின் தொடக்கத்தில் ஃபோஷே என்ற துறவியும் சுர்லோ என்பவரும் அங்கே தோண்டியிருந்தார்கள். அப்படிக் கிடைத்த பொருள்கள் நகரின் பொது நூலகத்தில் வைக்கப்பட்டிருந்தன. அவற்றுள் வீலரை நிற்க வைத்தவை சில சிவப்பு நிறப் பளபளப்பான ஓடுகள். இத்தாலியின் அரெஸ்ஸோ நகரில் செய்யப்பட்ட உயர்தர உணவுத் தட்டுகளின் துண்டுகள் அவை.

1945-ஆம் ஆண்டின் கோடையில், இந்திய மாணவர்களையும் அலுவலர்களையும் அழைத்துக்கொண்டு வீலர் அரிக்கமேட்டை அகழ்ந்தார். ஆழத்தில் நீர் ஊறியதால் இறைத்துக்கொண்டே தோண்ட வேண்டியிருந்தது. செங்கல் கட்டடங்களின் அடித்தளங்கள், தொட்டிகள், மதுச்சாடிகளின் உடைந்த பாகங்கள், மணிகள், தமிழ்-பிராமி எழுத்துப் பொறித்த பானையோடுகள் என அங்கே கிடைத்தவை ஏராளம். மறு ஆண்டே அமலானந்த கோஷ், கிருஷ்ண தேவா ஆகியோருடன் சேர்ந்து விரிவான அறிக்கையை வெளியிட்டார். தோண்டிவிட்டு அறிக்கை எழுதாமல் விடுவதை அவர் திருட்டுக்கு ஒப்பாகக் கருதியவர்.

ஒரு சிவப்புத் தட்டின் சாட்சியம்

அரிக்கமேட்டின் உண்மையான சிறப்பு அங்கே ரோமானியப் பொருள் கிடைத்தது மட்டும் அன்று. ரோமானியக் காசுகள் தமிழகத்தில் பல இடங்களில் முன்பே கிடைத்திருந்தன. அரிக்கமேடு கொடுத்தது காலத்தை அளக்கும் ஓர் அளவுகோல். இதைச் சற்று விளக்குவது நல்லது.

வீலர் தோண்டும் இடத்தைச் சதுரங்களாகப் பிரிப்பார். ஒவ்வொரு சதுரத்துக்கும் இடையே தோண்டாத மண்சுவரை விட்டுவைப்பார். மேலிருந்து கீழாக எந்த அடுக்கில் எந்தப் பொருள் இருந்தது என்பதற்கு அந்தச் சுவரே சாட்சி. இனி அரெஸ்ஸோ தட்டுக்கு வருவோம். அது இத்தாலியில் எப்போது செய்யப்பட்டது, எப்போது வழக்கொழிந்தது என்பது அங்குள்ள ஆய்வுகளால் தெரியும், ஏறக்குறைய கி.பி. முதல் நூற்றாண்டின் நடுப்பகுதியோடு அது முடிவுக்கு வந்துவிடுகிறது. அந்தத் தட்டு கிடைத்த அடுக்கிலும் அதற்கு நெருங்கிய அடுக்குகளிலும் உருள்கோடு பதித்த உள்நாட்டு மட்கலங்களும் கிடைத்தன. ஆகவே அந்த மட்கலத்தின் காலமும் பிடிபட்டுவிட்டது. இனி அதே மட்கலம் தென்னிந்தியாவில் வேறு எங்கே கிடைத்தாலும் அந்த ஊரின் காலத்தைக் கணிக்கலாம் அல்லவா? 1947-இல் கருநாடகத்தின் பிரம்மகிரியிலும் சந்திரவள்ளியிலும் வீலர் இதைத்தான் செய்தார். அதுவரை காலம் தெரியாமல் தவித்த தென்னிந்தியப் பெருங்கற்காலத்துக்கு ஓர் ஆண்டுக் கணக்கு கிடைத்தது. கரிமக் காலக்கணிப்பு முறை இன்னும் புழக்கத்துக்கு வராத நாள்கள் அவை என்பதை நினைவில் கொள்ள வேண்டும்.

இதை நான் பெர்மாஸ் ஜெயா பிள்ளைகளுக்குச் சொல்லும்போது ஒரு குப்பைத் தொட்டியை உதாரணம் காட்டுவேன். அடியில் தீபாவளி வாழ்த்து அட்டை, அதற்கு மேல் பொங்கல் கரும்புச் சக்கை, அதற்கும் மேல் பள்ளிப் பரீட்சைத் தாள் கிடந்தால், எது முன்னே வந்தது, எது பின்னே வந்தது என்பதை எட்டு வயதுப் பிள்ளையும் சொல்லிவிடும். வாழ்த்து அட்டையில் ஆண்டு அச்சடித்திருந்தால் மற்றவற்றுக்கும் கணக்குப் போடலாம். அரெஸ்ஸோ தட்டு அந்த ஆண்டு அச்சடித்த அட்டை.

ஜோகூர் ஆற்றங்கரையின் மணிகள்

அரிக்கமேட்டுக்கும் நமக்கும் என்ன தொடர்பு என்று மலேசிய வாசகர் கேட்கலாம். தொடர்பு இருக்கிறது. அரிக்கமேட்டில் சிறு சிறு கண்ணாடி மணிகள் பெருமளவில் செய்யப்பட்டன. மணிகளை ஆராய்வதிலேயே வாழ்நாளைக் கழித்த பீட்டர் பிரான்சிஸ் என்ற அமெரிக்க அறிஞர், இத்தகைய மணிகளுக்கு இந்து-பசிபிக் மணிகள் என்று பெயரிட்டார். அரிக்கமேட்டில் வளர்ந்த அந்தத் தொழில்நுட்பம் கடல் கடந்து தென்கிழக்காசியாவுக்கு வந்ததென்றும், பேராவின் கோலா செலின்சிங்கிலும் கெடாவின் சுங்கை மாஸிலும் அதே வகை மணிகள் செய்யப்பட்டனவென்றும் அவர் விளக்கினார்.

நம் ஜோகூரும் இந்தக் கதையில் உண்டு. ஜோகூரில் சுங்க அதிகாரியாகப் பணியாற்றிய ஜெரால்டு கார்ட்னர் என்ற ஆங்கிலேயர், ஜோகூர் ஆற்றங்கரையில் பழைய மணிகளைத் தேடிச் சேகரித்தார். அவற்றை மலாயாவுக்கும் ரோமப் பேரரசுக்கும் இடையே இருந்த கடல்வழித் தொடர்பின் சான்றாகக் காட்டி 1937-இல் கட்டுரை எழுதினார். அதாவது, வீலர் சென்னை அலமாரியைத் திறப்பதற்கு ஏழாண்டுகளுக்கு முன்பே, நம் வீட்டுக்குக் கிழக்கே ஓடும் ஆற்றங்கரையிலும் ஒருவர் ரோமைத் தேடிக்கொண்டிருந்தார்! நான் இதைப் படித்த பிறகு, பெர்மாஸ் ஜெயா பாலத்தைக் கடக்கும்போதெல்லாம் கீழே தெரியும் நீரைச் சும்மா பார்த்துவிட்டுப் போக முடிவதில்லை.

தொலைக்காட்சி நட்சத்திரம்

1948-இல் வீலர் இந்தியப் பணியை முடித்துக்கொண்டார். லண்டனில் பேராசிரியர் பதவியும் பிரித்தானியக் கலைக்கழகத்தின் செயலாளர் பொறுப்பும் வந்தன. 1952-இல் சர் பட்டம் கிடைத்தது. சாதாரணமாக ஓர் அறிஞரின் வாழ்க்கை வரலாறு இந்த இடத்தில் அடங்கிவிடும். வீலருக்கோ அறுபது வயதுக்கு மேல் புதிய வாழ்க்கை தொடங்கியது.

அதே 1952-இல் பி.பி.சி. தொலைக்காட்சி, விலங்கா, தாவரமா, கனிமமா என்று பொருள்படும் தலைப்பில் ஒரு வினாடிவினா நிகழ்ச்சியைத் தொடங்கியது. அமைப்பு மிக எளிது. ஏதேனும் ஓர் அருங்காட்சியகம் தன்னிடமுள்ள விநோதமான பொருள்களை அனுப்பும். மூன்று அறிஞர்கள் மேசைமுன் அமர்ந்து, அந்தப் பொருளைக் கையில் வாங்கித் திருப்பிப் பார்த்து, அது என்ன, எந்த நாட்டது, எக்காலத்தது என்று சொல்ல வேண்டும். கிளின் டேனியல் என்ற தொல்லியலாளர் நடத்துநர். பின்னாளில் உலகப் புகழ்பெற்ற டேவிட் அட்டன்பரோ அப்போது இளைஞர். அவரும் அந்த நிகழ்ச்சியின் தயாரிப்பில் பணியாற்றினார்.

வீலர் அந்த மேசையில் ஒரு நடிகரைப் போலவே நடந்துகொண்டார். பொருளைக் கையில் வாங்குவார். புருவத்தை உயர்த்துவார். மீசையை முறுக்குவார். தெரியாதவர் போலச் சற்று நேரம் தவிக்க விடுவார். பிறகு தட்டில் உள்ள ஒரு கீறலையோ கைப்பிடியின் வளைவையோ சுட்டிக்காட்டி, படிப்படியாகக் காரணம் சொல்லி, விடையை அறிவிப்பார். பார்ப்பவர்களுக்கு விடை மட்டும் கிடைக்கவில்லை. ஓர் ஆய்வாளனின் மூளை எப்படி வேலை செய்கிறது என்பதும் கண்முன் தெரிந்தது. இதுதான் அந்த நிகழ்ச்சியின் வெற்றி இரகசியம் என்பது என் துணிபு. 1954-இல் பிரிட்டனின் சிறந்த தொலைக்காட்சி ஆளுமை என்ற விருது அவருக்குக் கிடைத்தது. திரைப்பட நடிகருக்கோ பாடகருக்கோ போக வேண்டிய விருது ஒரு தொல்லியலாளருக்குப் போனது!

அந்த வெற்றியைத் தொடர்ந்து, பால் ஜான்ஸ்டன் என்ற தயாரிப்பாளர் 1954-இல் ‘புதையல்’ என்ற பொருள்படும் தலைப்பில் தொல்லியல் ஆவணப்படத் தொடர் ஒன்றைத் தொடங்கினார். 1950-இல் டென்மார்க்கின் சதுப்பு நிலத்தில், இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் இறந்த ஒருவரின் உடல் அழியாமல் கிடைத்தது. டோலுண்ட் மனிதன் எனப்படும் அவருடைய வயிற்றில் இருந்த கடைசி உணவை ஆராய்ந்து, அதே தானியங்களைக் கொண்டு கஞ்சி காய்ச்சினார்கள். வீலரும் டேனியலும் காமிராவின் முன் அமர்ந்து அதைக் குடித்தார்கள். சுவையாக இல்லை என்பது அவர்கள் முகத்திலேயே தெரிந்தது. ஆனால் இரும்புக்கால உழவனின் உணவு எப்படி இருந்தது என்பதை இலட்சக்கணக்கானோர் ஒரு கணத்தில் புரிந்துகொண்டார்கள். பல பக்கம் எழுதியும் சாதிக்க முடியாததை ஒரு கிண்ணம் கஞ்சி சாதித்துவிட்டது.

1966-இல் தொடங்கிய பி.பி.சி.யின் ‘குரோனிக்கிள்’ ஆவணப்படத் தொடரும் அகழாய்வுகளைப் படமாக்கும் இன்றைய நிகழ்ச்சிகளும் இந்த வழியில் வந்தவைதான். வீலர் 1976-ஆம் ஆண்டு ஜூலை 22-ஆம் நாள் தம் 85-ஆவது வயதில் மறைந்தார்.

கதை முந்திக்கொள்ளும்போது

இதுவரை படித்தவர்கள், தொல்லியலை மக்களிடம் கொண்டு செல்ல வீலரே முழுமையான முன்மாதிரி என்று எண்ணக்கூடும். மறுபக்கத்தையும் பார்த்துவிடுவோம்.

1946-இல் அரப்பாவை அகழ்ந்த வீலர், அங்கே பெரும் மதிற்சுவரைக் கண்டார். மொகஞ்சதாரோவின் மேலடுக்குகளில் முன்பே சில எலும்புக்கூடுகள் கிடைத்திருந்தன. இரண்டையும் இணைத்து, வெளியிலிருந்து வந்த ஆரியர்கள் அந்த நகரத்தை அழித்து மக்களைக் கொன்றார்கள் என்ற முடிவுக்கு வந்தார். வேதக் கடவுளான இந்திரனைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது போல அவர் எழுதிய விதம் எல்லோர் மனத்திலும் பதிந்துவிட்டது. நம் தமிழ் மேடைகளிலும் அது பல்லாண்டு முழங்கியது.

1964-இல் ஜார்ஜ் டேல்ஸ் என்ற அமெரிக்கத் தொல்லியலாளர் அந்த எலும்புக்கூடுகளின் பதிவுகளை மீண்டும் எடுத்துப் பார்த்தார். அவை எல்லாம் ஒரே காலத்தைச் சேர்ந்தவை அல்ல. போர் நடந்ததற்கான ஆயுதக் குவியலோ, நகரம் எரிந்த அடுக்கோ இல்லை. பின்னர் எலும்புகளை நேரடியாகச் சோதித்தவர்களும் படுகொலைக்கு ஆதாரம் காணவில்லை. வீலரே பிற்காலத்தில் தம் கருத்தைத் தளர்த்திக்கொண்டு, வெள்ளம், சூழல் மாற்றம் போன்ற காரணங்களுக்கும் இடம் கொடுத்தார். ஆனால் திருத்தம் முதல் கதையின் வேகத்தில் பரவவில்லை. மெய்டன் கோட்டையில் ரோமானியர் நடத்தியதாக அவர் விவரித்த படுகொலையும் இப்படியே பின்னைய ஆய்வாளர்களின் கேள்விக்கு உள்ளானது.

அரிக்கமேடும் விதிவிலக்கன்று. வீலரின் பார்வையில் அது ரோமானிய வாணிகத்தால் உயிர்பெற்ற நிலையம். 1989 முதல் 1992 வரை அங்கே மீண்டும் அகழாய்வு நடத்திய விமலா பெக்லி அம்மையாரின் குழுவோ, ரோமானியப் பொருள்கள் வருவதற்கு முன்பே அங்கே மக்கள் வாழ்ந்தார்கள் என்றும், ரோமானிய வாணிகம் ஓய்ந்த பிறகும் நெடுங்காலம் அந்த ஊர் உயிரோடு இருந்தது என்றும் காட்டியது. ரோமானியர் வந்து நமக்கு ஊர் அமைத்துத் தரவில்லை. நம் ஊருக்கு அவர்கள் வாணிகம் செய்ய வந்தார்கள். தமிழருக்கு இந்த வேறுபாடு சின்ன விஷயம் அல்லவே!

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. வீலரின் முடிவுகளைத் திருத்த முடிந்ததற்கு வீலரும் ஒரு காரணம். எந்தக் குழியில், எந்த அடுக்கில், என்ன கிடைத்தது என்பதை அவர் முறையாகப் பதிவு செய்து வெளியிட்டார். ஆகவே பின்வந்தவர்கள் அதே சான்றுகளை வைத்துக்கொண்டு அவரோடு வாதாட முடிந்தது. பேச்சில் மிகைப்படுத்தியவர், பதிவில் ஏமாற்றவில்லை.

நம் வீட்டு வாசலில்

இனி நம் நாட்டுக்கு வருவோம். கெடாவின் பூஜாங் பள்ளத்தாக்கு சோழர் கல்வெட்டுகளில் இடம்பெறும் கடாரத்தோடு இணைத்துப் பேசப்படும் பகுதி. 1930-களில் குவாரிச் வேல்ஸ் தம்பதியர் அங்கே ஆய்வு செய்தார்கள். புக்கிட் பத்து பாஹாட் கோயில் 1960 வாக்கில் சீரமைக்கப்பட்டது. இத்தனை நடந்தும், 2013-இல் என்ன நேர்ந்தது? ஆயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட 11-ஆம் எண் சண்டி, வீடமைப்பு நிலத்துக்காக இடித்துத் தள்ளப்பட்டது. செய்தி வெளிவந்து நாடே அதிர்ந்தபோது, அங்கே மண்தான் மிச்சம். அறிஞர்களின் அறிக்கையில் அந்தச் சண்டி இருந்தது. மக்களின் நெஞ்சில் இல்லை. இயந்திரம் உள்ளே நுழையும்போது தடுத்து நிற்க ஓர் ஆளும் இல்லாமல் போனதற்கு இதுவே காரணம் என்பேன்.

ஜோகூரில் நேர்ந்தது இதற்கு நேர்மாறு. 2005-இல் கோத்தா கெலாங்கி என்ற மறைந்த நகரம் நம் காட்டுக்குள் இருப்பதாகச் செய்தித்தாள்கள் பரபரப்பாக எழுதின. ஸ்ரீவிஜயம், இராஜேந்திர சோழன் என்று பெயர்கள் அடிபட்டன. தமிழர்களாகிய நாமும் மகிழ்ந்தோம். ஆனால் அத்தகைய நகரம் ஒன்று இருந்ததை இன்றுவரை எந்த அகழாய்வும் உறுதிப்படுத்தவில்லை. இங்கே கதை இருந்தது, குழி இல்லை. அங்கே குழி இருந்தது, கதை இல்லை. இரண்டு நிலையிலும் இழப்பு நமக்குத்தான்.

கீழடி நமக்கு நம்பிக்கை தருகிறது. 2015-இல் மத்தியத் தொல்லியல் துறை தொடங்கி, 2018 முதல் தமிழ்நாட்டு அரசு தொடர்ந்த அந்த அகழாய்வைப் பார்க்க மக்கள் பேருந்து பிடித்துச் சென்றார்கள். 2023-இல் அருங்காட்சியகமும் திறக்கப்பட்டது. கூடவே, சமூக ஊடகங்களில் கீழடியின் பெயரால் ஆதாரமற்ற காணொளிகளும் பெருகிவிட்டன. மீசை முறுக்கும் கலை எல்லோருக்கும் வந்துவிட்டது. மண்ணடுக்கை வரையும் பொறுமைதான் வரவில்லை.

மாணவ நண்பர்களே, இன்று உங்கள் சட்டைப் பையில் இருக்கும் கைப்பேசி, 1950-களின் பி.பி.சி. காமிராவைவிடத் திறன் மிக்கது. ஜோகூர் லாமா கோட்டை நமக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. 1587-இல் போர்த்துகீசியர் தகர்த்த அந்த மண்கோட்டையில் 1960-இல் அகழாய்வு நடந்திருக்கிறது. அறிக்கையும் அச்சில் உண்டு. பூஜாங் பள்ளத்தாக்கில் அருங்காட்சியகம் இருக்கிறது. விடுமுறையில் நால்வராகக் கிளம்புங்கள். பத்து நிமிடத் தமிழ் ஆவணப்படம் ஒன்று எடுங்கள். ஒரு பொருளை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: ஒரு மணி, ஒரு செங்கல், ஒரு பானையோடு. அது எங்கே கிடைத்தது, யார் எடுத்தார்கள், அதன் காலம் எப்படித் தெரிந்தது என்று காரணத்தோடு சொல்லுங்கள். உறுதியான செய்தியையும் ஊகத்தையும் பிரித்துச் சொல்லுங்கள். அதை அருகிலுள்ள தமிழ்ப்பள்ளியில் போட்டுக் காட்டுங்கள். முதல் வரிசையில் அமர்ந்திருக்கும் பிள்ளை, இது நிஜமா என்று நிச்சயம் கேட்கும். கையைப் பிடித்துக் குழிக்கு அழைத்துப் போய்க் காட்டும் அளவுக்கு உங்களிடம் பதில் இருக்கட்டும்.